கடல் தெரியும் அறையை எத்தனை மணிக்குப் படம் எடுப்பது?

நிலாவெளிப் பக்கம் புதிதாக ஹோட்டல் திறக்கிறவர்கள் என்னைக் கூப்பிட்டால் அநேகமாக இப்படித்தான் தொடங்குவார்கள்: “தம்பி, விடியக் காலமை அஞ்சரைக்கே வந்திருங்கோ. சூரியன் கடலுக்குள்ளால எழும்பி வரும். அறைக்குள்ள நிண்டு எடுத்தா அந்த மாதிரி இருக்கும்.” நான் “பின்னேரம் மூண்டு மணிக்கு வாறன்” என்பேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இருக்காது. இவனுக்குத் தொழில் தெரியுமா என்று யோசிக்கிறார்கள்.

திருகோணமலையில் கடல் கிழக்கே இருக்கிறது. காலையில் அறைக்குள் நின்று யன்னலைப் பார்த்தால் வெயில் நேரே முகத்தில் அடிக்கும். கடலில் நீலம் இருக்காது, புதுத் தகரம் மாதிரி வெள்ளையாக மின்னும். யன்னல் கம்பியின் நிழல் கட்டிலில் வரிவரியாக விழுந்து, வெள்ளை விரிப்பு படத்தில் எரிந்துபோகும். அதே அறைக்குப் பின்னேரம் போய்ப் பாருங்கள். சூரியன் கட்டடத்துக்குப் பின்னால், கன்னியாப் பக்கம் இறங்கியிருக்கும். அறை முழுக்க நிழல். வெயில் கடலில் மட்டும் விழும். கரையோரம் பச்சை, தள்ளி நீலம், புறாத்தீவு தெளிவாக. நாலரைக்குப் பிறகு உள் வெளிச்சமும் வெளி வெளிச்சமும் ஒன்றையொன்று நெருங்கிவரும். உதயந்தான் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்களுக்கு, கடற்கரையில் நின்று ஹோட்டலைத் திரும்பிப் பார்த்து எடுத்துக் கொடுப்பேன். அந்த நேரத்தில் வெயில் விழுவது கட்டடத்தின் முகத்தில்.

இந்தச் சின்ன விஷயம் பிடிபட எனக்கு நாலைந்து வருடம் போனது. சொல்லித் தர ஊரில் ஆள் இல்லை. திருமணம், சாமத்தியவீடு, கோயில் திருவிழா எடுக்கிறவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். அறையைப் படமெடுத்துச் சம்பாதிக்கலாம் என்று யாரும் நினைத்துப் பார்த்ததில்லை.

நான் 1996இல், 17 வயதில், நகரத்தில் ஒரு ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்தேன். அப்போது ஸ்டூடியோவுக்குச் சோறு போட்டது அடையாள அட்டைப் படம். சோதனைச் சாவடியில் அட்டை இல்லாமல் நடமாட முடியாத காலம். ஒரு நாளைக்கு நாற்பது, ஐம்பது முகம் எடுப்போம். ஸ்டூடியோ அண்ணை எனக்குக் கமராவைத் தரவில்லை. ஆறு மாதம் லைட்டைத்தான் தந்தார். “மூக்கின்ர நிழல் எங்க விழுதெண்டு பார். அது வாயைத் தொட்டா ஆள் களைச்ச மாதிரி இருக்கும்” என்பார். வெளியே கமராவைத் தூக்கிக்கொண்டு திரிவதும் லேசில்லை. துறைமுகம் கடற்படையிடம், சீனக்குடா விமானப்படையிடம், பிரட்றிக் கோட்டைக்குள் இராணுவம். எந்தப் பக்கம் லென்ஸைத் திருப்பினாலும் ஒரு கேள்வி வரும். அதனால்தானோ என்னவோ, எனக்கு வெளியைவிட உள்ளே படமெடுப்பது அப்போதே பிடித்துப்போனது.

முதன்முதலாக வெறும் அறையைப் படமெடுத்ததற்குக் காசு வாங்கியது சுனாமிக்குப் பிறகு. 2004 டிசம்பர் 26க்குப் பின்னர் கரையோரம் முழுக்கத் தொண்டு நிறுவனங்கள் வீடு கட்டின. 500 சதுர அடி வீடுகள். ஒவ்வொரு வீட்டையும் அத்திவாரம், சுவர், கூரை, முடிந்த நிலை என்று நாலு கட்டமாக எடுத்து, காசு கொடுத்த நாட்டுக்கு அனுப்ப வேண்டும். முடிந்த வீட்டின் உள்ளே போனால் நாலு சுவரும் ஒரு யன்னலும்தான் இருக்கும். சட்டகத்துக்குள் கொண்டுவர வேறொன்றும் கிடையாது. நூற்றுக்கணக்கில் அப்படி எடுத்தேன். சலிப்பாகத்தான் இருந்தது. ஆனால் எங்கே நின்றால் அறை பெரிதாகத் தெரியும், எந்த உயரத்தில் வைத்தால் தரை அதிகம் வராது என்பதெல்லாம் கைக்கு வந்தது அங்கேதான். மூலையில் முதுகை ஒட்டி நிற்காதே, கதவு நிலையில் நில். கமராவைக் கண் உயரத்தில் வைக்காதே, இடுப்புக்குக் கொஞ்சம் மேலே வை. கட்டில் உள்ள அறையென்றால் இன்னும் இறக்கு. இந்தக் கணக்கை இன்றுவரை மாற்றவில்லை.

2006இல் மீண்டும் சண்டை தொடங்கி, அந்த வேலைகளும் நின்றன. 2009க்குப் பிறகுதான் உப்புவெளி, நிலாவெளி ஹோட்டல்கள் பெயின்ட் அடித்துக் கதவைத் திறந்தன. 2010இல் ஒரு ஹோட்டலின் பன்னிரண்டு அறையை ஒரே நாளில், 25,000 ரூபாய்க்கு எடுத்துக் கொடுத்தேன். பெரிய காசு என்று நினைத்தேன். அந்தப் படங்களை இப்போது பார்த்தால் கூச்சமாக இருக்கிறது. எல்லா அறையிலும் டியூப் லைட் பச்சை அடிக்கிறது, சுவர்கள் உள்நோக்கிச் சாய்கின்றன, தலைக்கு மேலே ஃபான் ஒரு சாம்பல் வட்டமாகச் சுற்றுகிறது.

அதில் நல்லதென்று தெரிந்த எட்டுப் படங்களை டிவிடியில் போட்டு, இரவு பஸ்ஸில் கொழும்புக்கு, வீடு, தளபாடம் பற்றிய ஒரு சஞ்சிகைக்கு அனுப்பினேன். ஒரு கிழமையில் ஆசிரியர் போன் எடுத்தார். “உங்கட படத்தில எல்லா வீடும் விழப்போகுதே” என்று சிரித்தார். எனக்குக் கோபம் வந்தது. பிறகு ஒரு கதவுச் சட்டத்தின் பக்கத்தில் அடிமட்டத்தை வைத்துப் பார்த்தேன். உண்மைதான். கமராவைக் கொஞ்சம் மேலே பார்க்க வைத்தாலே சுவர்கள் மேலே போகப் போக நெருங்கும். முகம் எடுக்கிறவனுக்கு அது கண்ணில் படாது. கட்டடம் எடுக்கிறவனுக்கு அதுதான் முதல் குற்றம்.

அதற்கு மருந்து எளியது. ட்ரைபொட்டில் கமராவை முழுச் சமமாக வைக்க வேண்டும். மேசன்மார் பாவிக்கும் சின்ன இரசமட்டம் ஒன்றை இரும்புக்கடையில் வாங்கி, பல வருடம் கமராவுக்கு மேலே வைத்துப் பார்த்தேன். இப்போது கமராத் திரையிலேயே கோடு காட்டுகிறது. சமமாக வைத்தால் கூரை வெட்டுப்படும், தரை கூடும். அதற்குத்தான் ஷிஃப்ட் லென்ஸ்: கமரா அசையாமல் நிற்க, லென்ஸை மட்டும் மேலேயோ கீழேயோ பக்கத்துக்கோ நகர்த்தலாம். கனனின் 24 மில்லிமீற்றர் ஷிஃப்ட் லென்ஸை 2014இல் வாங்கினேன். மனைவியின் காப்பு அடகுக்குப் போனது, ஒரு சீட்டும் எடுத்தேன். ஓட்டோ ஃபோகஸ் இல்லாத லென்ஸுக்கு இவ்வளவு காசா என்று வீட்டில் கேட்டார்கள். காப்பு மீள ஒன்றரை வருடம் ஆனது.

சஞ்சிகையில் படம் வந்தால் காசு கொட்டும் என்று நினைக்கிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். சஞ்சிகை பெயர் தரும். அரிசி வாங்கப் போதாது. என் வீட்டு அடுப்பை எரிய வைப்பது ஹோட்டல், நகைக்கடை, தளபாடக் கடை, கருவாட்டுப் பைக்கற், ஒரு சீமெந்துக் கல் தொழிற்சாலையின் வருடாந்தக் கலண்டர். இவற்றைப் பற்றி எழுத அதிகமில்லை. நேரத்துக்குப் போ, சொன்ன நிறம் வரட்டும், சொன்ன நாளில் கொடு. சஞ்சிகைப் பக்கத்தைக் காட்டித்தான் அந்த வேலைகளுக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கேட்கலாம். அதனால் வருடத்துக்கு இரண்டு மூன்று சஞ்சிகை வேலையை நட்டமென்றாலும் விடமாட்டேன்.

காசு விஷயத்தில் நான் பட்ட பெரிய அடி ஒரு பதாகை. கொழும்புக்குப் பஸ்ஸில் போகும்போது, வீதியோரத்தில் ஒரு வீட்டளவு பெரிய விளம்பரத்தில் என் படம் நிற்கிறது. உப்புவெளி வரவேற்பறை, நான் எடுத்தது, என் மேசை விளக்கு. இணையத்தளத்துக்கென்று கொடுத்த படத்தை அந்த ஹோட்டல் ஒரு கம்பனிக்குக் கொடுத்திருக்கிறது. கேட்டேன். “நாங்க காசு தந்துதானே எடுத்தனாங்கள்?” என்றார்கள். கையில் ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் என்று ஒன்று இருப்பதே அதன் பிறகுதான் தெரியும். சட்டம் இருந்து என்ன, வழக்குக்குக் கொழும்பு போய்வரும் பஸ் காசே பதாகைக் காசைத் தாண்டிவிடும். ஆகவே இப்போது ஒரு பக்கக் கடிதம் வைத்திருக்கிறேன். தமிழில் ஒன்று, ஆங்கிலத்தில் ஒன்று. எந்தப் படங்கள், எங்கே பாவிக்கலாம், எத்தனை வருடம், மூன்றாம் ஆளுக்குக் கொடுக்கலாமா, அரைவாசிக் காசு முற்பணம், மிச்சம் படம் கையில் கிடைக்கும் நாளில். கையெழுத்து வாங்குவது முதல் தடவை வெட்கமாக இருந்தது. கையெழுத்துப் போட யோசிக்கிறவர் காசு தரவும் யோசிப்பார் என்று தெரிந்த பிறகு வெட்கம் போய்விட்டது.

வேலை நாளைப் பற்றிச் சொல்கிறேன், அங்கேதான் ஆக்கள் பிழைவிடுகிறார்கள். படமெடுக்க முதல்நாள் வெறுங்கையோடு போங்கள். போனில் திசைகாட்டி இருந்தால் போதும். ஒவ்வொரு அறையின் யன்னலும் எந்தப் பக்கம் பார்க்கிறது என்று குறித்து, அறைக்கு அறை நேரம் எழுதுங்கள். கிழக்கு அறை பின்னேரம், மேற்கு அறை காலை, தோட்டத்தைப் பார்க்கும் குசினி பத்து மணி, நீச்சல்தடாகம் சூரியன் விழுந்த பிறகு. நம்முடைய நாட்டில் அந்தியின் நீல வெளிச்சம் இருபது நிமிடம்தான் நிற்கும். வெளிநாட்டு வீடியோக்களில் ஆறுதலாகத் தேநீர் குடித்துக்கொண்டு எடுப்பதைப் பார்த்து ஏமாற வேண்டாம். அந்த இருபது நிமிடத்துக்கு நாலு மணிக்கே ட்ரைபொட்டை நட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டும். ஒரு நாளில் ஆறு, மிஞ்சினால் ஏழு நல்ல படம். பன்னிரண்டு அறை வேண்டுமென்றால் இரண்டு நாள் என்று முதலிலேயே சொல்லிவிடுவேன்.

பிறகு என்னுடைய பை. கமராப் பை அல்ல, மற்றது. அதில் ஒரே நிறத்து மஞ்சள் எல்இடி பல்ப் பத்து. ஹோட்டல் அறைகளில் ஒரு பல்ப் மஞ்சள், ஒன்று வெள்ளை, குளியலறையில் நீலம் என்று இருக்கும். கண் அதைச் சமாளிக்கும், கமரா சமாளிக்காது. கணினியில் திருத்துவதைவிட ஏணியில் ஏறிப் பல்பை மாற்றுவது சுகம். அடுத்தது ஒரு சுருள் தங்கூசி, மீன்பிடிக்கிற நைலோன் நூல். திரைச்சீலையை இழுத்துக் கட்ட, தொங்கும் விளக்கு காற்றில் ஆடாமல் பிடிக்க, படத்தில் தெரியாத கயிறு வேறு இல்லை. மீன்பிடிச் சாமான் கடையில்தான் வாங்குகிறேன். தண்ணீர் தெளிக்கும் போத்தல், சின்ன இஸ்திரிப்பெட்டி, கட்டில் விரிப்பை விரித்தபடியே சுருக்கமெடுக்க. இரண்டு கறுப்புத் துணி. நிறம் பார்க்க ஒரு சாம்பல் அட்டை. ஃபானை நிறுத்து, யன்னலைச் சாத்து, ரிமோட்டையும் பிளாஸ்டிக் குப்பைக் கூடையையும் ஒளித்துவை. துவாயில் அன்னம் செய்து கட்டிலில் வைக்கும் வழக்கம் ஒன்று இருக்கிறதே, அதைச் செய்த பிள்ளையின் மனம் நோகாமல் எடுத்து அலுமாரிக்குள் வைப்பது தனிக்கலை. நான் முதலில் அன்னத்தோடு ஒரு படம் எடுத்துக் காட்டுவேன், பிறகு அன்னத்தை அகற்றுவேன். பழத்தட்டுக்கும் அதே வைத்தியம்.

உப்பும் குளிரும் கமராவுக்கு இரண்டு எதிரி. ஏசி அறையில் இருந்த கமராவை நேரே கடற்கரைக்குக் கொண்டுபோனால் லென்ஸ் முழுக்க வியர்த்துவிடும். துடைத்தால் இன்னும் கெடும். பையைப் பூட்டியபடியே அரை மணித்தியாலம் வெளியில் விட வேண்டும். ஹோட்டலில் தங்கினால் கமராவை ஏசி இல்லாத வராந்தாப் பக்கத்து அறையில்தான் வைப்பேன். வீட்டில் சிலிக்கா ஜெல் போட்ட, இறுக மூடும் அரிசி வாளி. பூஞ்சணம் பிடித்து ஒரு நல்ல லென்ஸைப் பறிகொடுத்த பிறகு வந்த ஞானம் அது.

எந்த மாதம் எடுப்பது என்பதும் தொழில்தான். இங்கே வெளிநாட்டுக்காரர் வருவது மே முதல் செப்டெம்பர் வரை. ஹோட்டல்காரருக்குப் படம் தேவை என்ற நினைவு வருவதும் அந்த நேரம்தான். அப்போது அறைகள் நிரம்பியிருக்கும், கச்சான் காற்றில் புல் காய்ந்து மண் நிறமாகியிருக்கும், திரைச்சீலை ஒரு இடத்தில் நிற்காது. ஒக்டோபர் கடைசியில் இருந்து மழை. பெப்ரவரி, மார்ச்தான் நல்ல மாதங்கள். மழை விட்டிருக்கும், தோட்டம் பச்சையாக இருக்கும், அறை வெறுமையாக இருக்கும். இதை விளங்கப்படுத்தி வேலைகளை அந்த இரண்டு மாதத்துக்குள் இழுத்துவர எனக்கு வருடக்கணக்காகப் போனது. மற்ற மாதங்களுக்குத்தான் கருவாட்டுப் பைக்கற்றும் கலண்டரும்.

ஆனால் நான் உண்மையில் எழுத வந்தது நிழலைப் பற்றி.

தொடக்கத்தில் எனக்கு ஒரு பைத்தியம் இருந்தது: அறையில் ஒரு மூலையும் இருட்டாக இருக்கக் கூடாது. வெளிநாட்டுச் சஞ்சிகைகளைப் பழைய புத்தகக் கடையில் வாங்கிப் பார்த்துப் பழகியவன் நான். அதிலே எல்லா அறையும் பால் மாதிரி வெள்ளை. நானும் மூன்று ஃபிளாஷை உட்கூரையில் அடித்து, ஒன்றன்மேல் ஒன்றாக ஐந்து படத்தைச் சேர்த்து, கட்டிலுக்குக் கீழேயும் வெளிச்சம் வரவைத்தேன். வாடிக்கையாளருக்குப் பிடித்தது. எனக்குத்தான் ஏதோ உறுத்தியது, என்னவென்று தெரியவில்லை.

கொழும்புக்குப் போகும் வழியில், தம்புள்ளைக்குப் பக்கத்தில், ஜெப்ரி பாவா வடிவமைத்த கந்தலம ஹோட்டல் இருக்கிறது. பாவா 2003இல் காலமானார். நான் அவரைப் பார்த்ததில்லை. அவர் கட்டிய இடங்களில் ஒரு தேநீருக்குக் காசு கொடுத்து இரண்டு மணித்தியாலம் இருந்துவிட்டு வருவேன், அதுதான் என் படிப்பு. கந்தலமவில் பாறையை ஒட்டிய நடையில் வரும்போது கண் இருட்டும். பிறகு திடீரென்று குளம் தெரியும். அந்த இருட்டு இல்லாவிட்டால் அந்தக் குளம் அப்படி வந்து முன்னால் நிற்காது. அங்கேயும் முதல் தடவை நான் ஃபிளாஷ் எங்கே வைக்கலாம் என்றுதான் பார்த்தேன். புத்தி அவ்வளவு.

பிறகு 2019 ஏப்ரல் 21. குண்டு வெடித்தது கொழும்பிலும் நீர்கொழும்பிலும் மட்டக்களப்பிலும். இங்கே ஹோட்டல்கள் ஒரே கிழமையில் வெறுமையாகின. அது எழும்ப முதல் கொரோனா. அதற்குப் பிறகு 2022. பெற்றோல் வரிசை. மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியால மின்வெட்டு. அந்த நேரம் பார்த்து உட்துறைமுகப் பக்கம் ஒரு சின்ன விடுதிக்காரர், முற்பணம் கொடுத்தவர், படம் எடுத்தே ஆக வேண்டும் என்றார். ஃபிளாஷ் பற்றரிக்குச் சார்ஜ் இல்லை. அறையில் பல்ப் எரியாது. இருந்தது ஒரு யன்னல்.

வேறு வழியில்லாமல் ட்ரைபொட்டை வைத்து, நாலு செக்கன், ஆறு செக்கன் என்று ஷட்டரைத் திறந்துவிட்டேன். யன்னலடியில் கதிரை வெளிச்சமாக வந்தது. கட்டிலின் தலைமாடு மங்கல். அலுமாரி கிட்டத்தட்ட இருட்டு, விளிம்பில் மட்டும் ஒரு கோடு. திரையில் பார்த்தபோது அந்த அறைக்குள் போய்ப் படுக்க வேண்டும் போல் இருந்தது. வெளியே மார்ச் வெயில் கொளுத்துகிறது. இந்த ஊரில் மத்தியானம் ஒருவன் வீட்டுக்குள் வருவது வெளிச்சத்துக்காகவா? நிழலுக்காகத்தானே. தாழ்வாரத்தை இறக்கி, யன்னலைச் சின்னதாக வைத்து, திண்ணையைப் போட்டு, நம்முடைய ஆக்கள் கஷ்டப்பட்டுச் சேர்த்துவைத்த நிழலை நான் பத்து வருடமாக ஃபிளாஷ் அடித்துக் கலைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

அந்தப் படங்களைக் காட்டியபோது விடுதிக்காரர் “கரண்ட் வந்த பிறகு இன்னொருக்கா எடுப்பமா?” என்றார். எடுத்தோம். இரண்டையும் பக்கத்தில் வைத்துக் காட்டினேன். இருட்டாக இருந்ததைத்தான் வைத்துக்கொண்டார். எல்லாரும் அப்படி ஒத்துக்கொள்வார்கள் என்றில்லை. முன்பதிவு இணையத்தளங்களுக்கு எடுக்கிறவர்கள் வெள்ளை அறையைத்தான் கேட்பார்கள், கொடுக்கத்தான் வேண்டும். இப்போதும் ஃபிளாஷ் பையில் இருக்கிறது. ஒன்றுதான், அதுவும் கடைசியில் வெளியே வரும்.

2023 பெப்ரவரியில், நகரத்துக்குள் ஒரு பழைய நாற்சார் வீட்டை ஒரு சஞ்சிகைக்காக எடுக்கப் போனேன். சிவப்புச் சீமெந்துத் தரை, தேய்ந்து தேய்ந்து கண்ணாடி மாதிரி. நடு முற்றத்தில் ஒரு துளசி. எண்பது வயது தாண்டிய ஒரு ஆச்சியும் அவரின் மருமகளும் இருந்தார்கள். அலங்காரத்துக்குக் கொழும்பிலிருந்து ஒரு பிள்ளை வந்திருந்தாள். பிளாஸ்டிக் கதிரை, துணிக் கொடி, கலண்டர், காஸ் சிலிண்டர் எல்லாம் பின் வளவுக்குப் போயின. ஆச்சி ஒன்றும் சொல்லவில்லை. மண்டபச் சுவரில் ஒரு படம் தொங்கியது. இருபது வயதுப் பொடியன், மீசை அரும்பியிருக்கிறது, ஸ்டூடியோப் படம், நீலத் திரை. மாலை போடவில்லை. பொட்டு வைக்கவில்லை. இந்த ஊரில் அதற்கு அர்த்தம் எல்லாருக்கும் தெரியும். அந்தப் பிள்ளைக்குத் தெரியாது.

தொல்லை என்னவென்றால், நான் நின்ற இடத்தில் இருந்து பார்த்தால் அந்தப் படத்தின் கண்ணாடியில் வாசற்கதவின் வெளிச்சம் அப்படியே விழுந்தது. முகம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு வெள்ளைச் சதுரம். அவள் கழற்றக் கையை நீட்டினாள்.

“பிள்ளை, அதைத் தொடாதையுங்கோ” என்றார் ஆச்சி. சத்தம் போடவில்லை. பிறகு என்னைப் பார்த்து, “தம்பி, அவன் அங்கதான் இருப்பான். நீங்க உங்கட மெசினை அங்கால தள்ளி வையுங்கோ.”

தள்ளி வைத்தேன். தொழில்படியும் ஆச்சி சொன்னதுதான் சரி. கண்ணாடியில் தெரியும் பிரதிபலிப்பு நாம் நிற்கும் இடத்தைப் பொறுத்தது. கமராவை இரண்டடி இடப்பக்கம் நகர்த்தினால் கதவு அந்தக் கண்ணாடியை விட்டு வெளியே போய்விடும். ஆனால் அப்படி நகர்ந்தால் மண்டபம் கோணலாகிவிடுமே? கமராவைத் திருப்பாமல், சுவருக்கு நேராகவே வைத்துக்கொண்டு, ஷிஃப்ட் லென்ஸை வலப்பக்கம் நகர்த்தினால் சட்டகம் பழைய இடத்துக்கு வந்துவிடும். முகம்பார்க்கும் கண்ணாடி உள்ள அறையில் நாம் தெரியாமல் எடுப்பதும் இதே வழிதான். மிச்சமிருந்த மினுக்கத்துக்கு வாசலில் கறுப்புத் துணியை மருமகளும் அந்தப் பிள்ளையும் ஆளுக்கொரு நுனியாகப் பிடித்தார்கள். மூன்றே முக்கால் மணி. முற்றத்து வெளிச்சம் தரையில் பட்டுச் சுவரில் ஏறியது. ஃபிளாஷ் இல்லை. எட்டுச் செக்கன். பொடியனின் முகம் தெளிவாக வந்தது, மீசை உட்பட.

சஞ்சிகை வந்தபோது இரண்டு பக்கமும் சேர்த்து, முழுசாக அந்த மண்டபத்தைப் போட்டிருந்தார்கள். ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு போனேன். ஆச்சி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மடியில் விரித்துப் பார்த்தார். தரையைத் தடவினார். துளசியைக் காட்டினார். பிறகு, “அவன் எங்க?” என்றார்.

சஞ்சிகையின் நடு மடிப்புக்குள் போயிருந்தான். இரண்டு பக்கமாக வரும் படத்தில் நடுவே ஒரு விரல் அகலம் மடிப்பு விழுங்கும் என்பது எனக்குத் தெரியாததல்ல. முகமோ விளக்கோ அங்கே வரக்கூடாதென்று மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பவன். அதற்கென்று கொஞ்சம் இடம்வலமாகத் தள்ளி இன்னொரு படமும் எடுத்து அனுப்பியிருந்தேன். ஆனால் அவர்கள் எதைப் போடுகிறார்கள், எங்கே மடிகிறது என்று ஒரு தடவை கேட்கவில்லை. ஆச்சி இரண்டு பக்கத்தையும் பிடித்து, ஒட்டு விடும் மட்டும் விரித்துப் பார்த்தார். சட்டத்தின் ஒரு ஓரமும் காதும் தெரிந்தன.

அன்றைக்கே ஸ்டூடியோவுக்குப் போய் 12க்கு 18இல் ஒரு பிரிண்ட் போட்டேன். அச்சு இயந்திரத்தின் நிறம் கொஞ்சம் சிவப்படிக்கும், அதனால் இரண்டு தடவை போட வேண்டியிருந்தது. சட்டம் போட்டு, அடுத்த நாள் பின்னேரம் கொண்டுபோய்க் கொடுத்தேன். இப்போது சஞ்சிகை வேலை எதுவென்றாலும் அச்சுக்குப் போக முதல் பக்கத்தின் மாதிரியை அனுப்பச் சொல்லிக் கடிதத்தில் ஒரு வரி சேர்த்திருக்கிறேன். ஆசிரியர்மாருக்கு அது பிடிப்பதில்லை.

போன மாதம் அந்தப் பக்கம் போனபோது எட்டிப் பார்த்தேன். என்னுடைய பிரிண்டை ஆச்சி அதே சுவரில், அவனுடைய படத்துக்குக் கீழே மாட்டியிருக்கிறார். இனி யாராவது அந்த மண்டபத்தைப் படமெடுக்கப் போனால் இரண்டு கண்ணாடியைச் சமாளிக்க வேண்டும்.